வட கரோலினாவில் 7-7 இரண்டே ஆண்டில் 10-4 ஆனது எப்படி? நம் திருநகர் விருதுநகரோடு சேர்ந்ததும் அதே கதைதானா?

திருநகர் டீச்சர்

அனைவருக்கும் வணக்கம். வரலாற்று ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள் நான். மதுரை திருநகரில் வசிக்கிறேன். என் மகள் அமெரிக்காவில், வட கரோலினா மாநிலத்துச் சார்லட் நகரில் இருக்கிறாள். குடியுரிமை பெற்ற பிறகு 2022-இல் முதன்முறையாக அங்கே வாக்களித்தாள், 2024-இலும் வாக்களித்தாள். 2024 தேர்தலுக்குச் சில வாரங்களுக்கு முன் மாதிரி வாக்குச்சீட்டைக் கைபேசியில் எனக்குக் காட்டினாள். குடியரசுத் தலைவர், ஆளுநர், மாநிலத் தலைமை வழக்கறிஞர், பொதுக்கல்விக் கண்காணிப்பாளர், நீதிபதிகள் என்று பட்டியல் நீண்டுகொண்டே போயிற்று. ஒவ்வொரு பெயருக்கும் முன்னால் ஒரு முட்டை வடிவக் கட்டம். விரும்பியவரின் கட்டத்தைக் கறுப்பு மையால் நிரப்ப வேண்டுமாம். அந்தப் பட்டியலின் மேற்பகுதியில் "பிரதிநிதிகள் சபை, மாவட்டம் 14" என்று இருந்த இடத்தில் (நாம் தொகுதி என்பதை அங்கே மாவட்டம் என்கிறார்கள்) விரலை வைத்து, "அம்மா, போன முறையும் 14தான், இந்த முறையும் 14தான், ஆனால் இது அந்த 14 இல்லை" என்றாள். அந்த வார்த்தை எனக்கு அப்போது பிடிபடவில்லை.

முடிவுகள் வந்த பிறகுதான் அதன் பொருள் உறைத்தது. வட கரோலினாவுக்குப் பிரதிநிதிகள் சபையில் 14 இடங்கள். 2022-இல் குடியரசுக் கட்சிக்கு 7, ஜனநாயகக் கட்சிக்கு 7. 2024-இல் குடியரசுக் கட்சிக்கு 10, ஜனநாயகக் கட்சிக்கு 4. ஆனால் அதே 2024-இல், அதே வாக்குச்சீட்டில், அதே மக்கள் ஆளுநராகத் தேர்ந்தெடுத்தவர் ஜனநாயகக் கட்சிக்காரர். மக்கள் மனம் ஒரேயடியாக மாறிவிட்டது என்றால் ஆளுநர் தேர்தலிலும் அது தெரிந்திருக்க வேண்டாமா?

இரண்டாவது கேள்வி நம் ஊரைப் பற்றியது. திருநகர் மதுரை மாநகராட்சிக்குள் இருக்கிறது. சொத்து வரியும் தண்ணீர் வரியும் மதுரைக்கே கட்டுகிறோம். நாடாளுமன்றத் தேர்தலில் மட்டும் விருதுநகர் தொகுதிக்கு வாக்களிக்கிறோம். சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் பகுதிக்கு ஒரு படிப்பகக் கட்டடம் வேண்டும் என்று, நாடாளுமன்ற உறுப்பினர் தொகுதி மேம்பாட்டு நிதியிலிருந்து கேட்கலாம் என்று எண்ணி, 60 பேர் கையெழுத்திட்ட மனுவை மதுரையில் ஓர் அலுவலகத்தில் கொடுத்தோம். நான்கு மாதம் கழித்து "தங்கள் பகுதி எங்கள் தொகுதியில் வராது" என்ற ஒரே வரியோடு மனு திரும்பி வந்தது. அந்தத் தாள் இன்னும் என்னிடம் இருக்கிறது. எங்களையும் யாரோ கணக்குப் போட்டுத்தான் கோட்டுக்கு அந்தப் பக்கம் தள்ளினார்களா? விவரம் அறிந்தவர்கள் பொறுமையாக விளக்கினால் நன்றியுடையவளாக இருப்பேன்.

ராலேயிலிருந்து திரும்பியவன்

வணக்கம் அம்மா. வட கரோலினாவின் தலைநகரான ராலேயில் பதினோரு ஆண்டுகள் வேலை பார்த்துவிட்டு அண்ணாநகருக்குத் திரும்பியவன் நான். உங்கள் மகள் சொன்னது முற்றிலும் சரி. எண் மாறவில்லை, எண்ணுக்கு உள்ளே இருந்த ஊர்கள் மாறிவிட்டன. 2022-இல் 14-ஆம் தொகுதி சார்லட் நகரின் ஒரு பகுதியையும் அடுத்துள்ள காஸ்டன் கவுண்டியையும் (கவுண்டி என்பது நம் மாவட்டம் போன்ற நிர்வாகப் பகுதி) கொண்டிருந்தது. 2024-க்காக வரைந்த வரைபடத்தில் காஸ்டனோடு சார்லட்டின் ஒரு துண்டை மட்டும் வைத்துக்கொண்டு, மேற்கே கிளீவ்லாந்து, ரதர்ஃபோர்டு, பர்க் என்று மலையடிவாரத்துக் கவுண்டிகள் வரை அதை இழுத்துவிட்டார்கள். நகரத்து வாக்குகள் அந்தக் கிராமப்புற வாக்குகளுக்குள் கரைந்துபோயின. அந்த வரைபடத்தை நிறைவேற்றிய மாநிலக் கீழவையின் சபாநாயகர் டிம் மூர், 2024-இல் அதே 14-ஆம் தொகுதியில் நின்று வென்று வாஷிங்டன் சென்றார். அங்கு ஏற்கெனவே உறுப்பினராக இருந்த ஜெஃப் ஜாக்சன் மாநிலத் தலைமை வழக்கறிஞர் பதவிக்குப் போட்டியிட்டு வென்றார். மாநிலம் முழுவதும் ஒரே தொகுதியாக வாக்களிக்கும் பதவிக்குக் கோடு கிடையாது. எனவே அங்கே வரைபடம் செல்லுபடியாகாது. ஆளுநர் தேர்தல் குறித்து நீங்கள் கேட்டதற்கும் இதுவே விடை.

கணக்கை ஒரு சிறிய எடுத்துக்காட்டால் சொல்கிறேன். 500 வாக்காளர்கள், தலா 100 பேர் கொண்ட 5 வார்டுகள் என்று வைத்துக்கொள்ளுங்கள். வெள்ளைக் கட்சிக்கு 260 பேர், பச்சைக் கட்சிக்கு 240 பேர். கோடு போடும் பென்சில் பச்சையின் கையில் இருந்தால், வெள்ளையின் ஆதரவாளர் 95 பேரை முதல் வார்டில் மொத்தமாகக் குவித்துவிடும். மீதி 165 பேரை மற்ற நான்கு வார்டுகளில் 41, 41, 41, 42 என்று சிதறடித்துவிடும். முதல் வார்டில் வெள்ளைக்கு 95-க்கு 5 என்று மாபெரும் வெற்றி. மற்ற நான்கிலும் பச்சைக்கு 59-க்கு 41 அளவில் நிம்மதியான வெற்றி. வாக்கில் சிறுபான்மை, இடத்தில் ஐந்துக்கு நான்கு. ஒரு கள்ள வாக்குகூட விழவில்லை, ஒரு பெட்டிகூட மாறவில்லை. 2012-இல் வட கரோலினாவில் இதுவே நடந்தது: மாநிலம் முழுவதும் கூட்டினால் ஜனநாயகக் கட்சிக்கு வாக்குகள் சற்றே அதிகம், கிடைத்த இடங்களோ அன்றைய 13-இல் 4.

இதற்கு ஜெரிமாண்டரிங் என்று பெயர். 1812-இல் மாசசூசெட்ஸ் ஆளுநராக இருந்த எல்பிரிட்ஜ் ஜெரி கையெழுத்திட்ட ஒரு தொகுதியின் உருவம் சாலமாண்டர் என்ற பல்லி போன்ற பிராணியை ஒத்திருந்ததால், பத்திரிகைக்காரர்கள் அவர் பெயரையும் பிராணியின் பெயரையும் ஒட்டி வைத்த பெயர் அது. ஒரு கட்சி மட்டும் செய்த காரியம் என்று எண்ணிவிடாதீர்கள். மாநிலத்துக்கு மாநிலம் எந்தக் கட்சியின் கையில் சட்டமன்றம் இருக்கிறதோ அது செய்திருக்கிறது.

7-7 எப்படி வந்தது என்பதைச் சொல்ல வேண்டும், ஏனெனில் முடிச்சு அங்கேதான் இருக்கிறது. பெரும்பாலான மாநிலங்களைப் போலவே வட கரோலினாவிலும் தொகுதி வரைவது மாநிலச் சட்டமன்றத்தின் வேலை. அங்கு ஆளுநருக்கு அதைத் தடுக்கும் அதிகாரம்கூட இல்லை. 2019-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், இதே மாநிலத்திலிருந்து போன ருச்சோ வழக்கில், கட்சி லாபத்துக்காகக் கோடு போடுவதைக் கூட்டாட்சி நீதிமன்றங்கள் விசாரிக்க இயலாது என்று கைவிரித்துவிட்டது. அந்த வழக்கின் ஆவணங்களில் ஒரு சட்டமன்ற உறுப்பினரின் பேச்சு பதிவாகியிருக்கிறது: பத்துக்கு மூன்று என்று வரைவோம், ஏனெனில் பதினொன்றுக்கு இரண்டு என்று வரைவது இயலும் என நான் நம்பவில்லை என்பது அதன் சாரம். ஒளிவுமறைவே கிடையாது. எனவே வழக்குகள் மாநில நீதிமன்றத்துக்குத் திரும்பின. 2022 பிப்ரவரியில் மாநில உச்ச நீதிமன்றம் சட்டமன்றத்தின் வரைபடத்தை நிராகரித்தது. நீதிமன்றம் ஏற்படுத்திய இடைக்கால வரைபடத்தில் நடந்த தேர்தலில்தான் 7-7. ஆனால் அந்த நீதிபதிகளும் கட்சிப் பெயரோடு தேர்தலில் நிற்பவர்கள். 2022 நவம்பரில் நீதிமன்றத்தின் பெரும்பான்மை மாறியது, 2023 ஏப்ரலில் அதே நீதிமன்றம் தன் தீர்ப்பைத் தானே திருப்பியது, அக்டோபரில் சட்டமன்றம் புதிய வரைபடத்தை நிறைவேற்றியது, 2024-இல் 10-4. ஜனநாயகக் கட்சியின் உறுப்பினர்கள், ஜாக்சனோடு சேர்த்து மூவர், தங்கள் தொகுதியின் புதிய உருவத்தைப் பார்த்துவிட்டு அந்தச் சபைக்கு மீண்டும் போட்டியிடவே இல்லை.

அதோடும் நிற்கவில்லை. 2025 அக்டோபரில், மக்கள்தொகைக் கணக்கெடுப்பு எதுவும் நடக்காத நிலையிலேயே, முதலாம் தொகுதிக்கும் மூன்றாம் தொகுதிக்கும் இடையே கவுண்டிகளை மாற்றிப்போட்டு மீண்டும் வரைந்தார்கள். அந்த முதலாம் தொகுதி வடகிழக்கில் கறுப்பின மக்கள் பெருமளவில் வாழும் நிலப்பகுதி; 1992-இல் ஈவா கிளேட்டன் அங்கே வென்றபோது, 1901-க்குப் பிறகு அம்மாநிலத்திலிருந்து சபைக்குச் சென்ற முதல் கறுப்பினத்தவர் என்ற பெருமை அவருக்கும் 12-ஆம் தொகுதியின் மெல் வாட்டுக்கும் சேர்ந்தே கிடைத்தது. அதன் பின் அந்தத் தொகுதி தொடர்ந்து கறுப்பினப் பிரதிநிதிகளையே அனுப்பி வந்திருக்கிறது. அதைப் பிரிப்பது வெறும் கணக்கு என்று என்னால் எடுத்துக்கொள்ள முடியவில்லை.

இன்னொன்றையும் சொல்கிறேன். கிரீன்ஸ்பரோ நகரில் கறுப்பின மாணவர்கள் படிப்பதற்கென உருவான பெரிய பல்கலைக்கழகம் ஒன்று உண்டு. 2016 வரைபடத்தில் 6-ஆம் தொகுதிக்கும் 13-ஆம் தொகுதிக்கும் இடையிலான கோடு அதன் வளாகத்தின் நடுவே போனது. வளாகச் சாலை ஒன்றின் இந்தப் பக்கத்து விடுதியில் இருப்பவருக்கு ஓர் உறுப்பினர், அந்தப் பக்கத்து விடுதிக்கு வேறோர் உறுப்பினர். அந்தச் சாலையில் நான் நடந்திருக்கிறேன். எந்த அடையாளமும் கிடையாது, இரு பக்கமும் ஒரே மரங்கள்தான்.

ஓய்வுபெற்ற துணை வட்டாட்சியர்

டீச்சர் அம்மாவின் இரண்டாவது கேள்விக்கு நான் பதில் சொல்கிறேன். வருவாய்த் துறையில் இருந்தபோது, 2008-இல் தொகுதி எல்லைகளைப் புதிதாக வரைந்த மறுவரையறைக்குப் பிறகு வாக்காளர் பட்டியலைப் பாகம் பாகமாகப் பிரித்துப் புதிய தொகுதிகளில் ஒட்டும் வேலையில் பல இரவுகள் கழித்தவன் நான். நீளமான மேசையில் கிராம வரைபடங்களை விரித்து, நான்கு மூலையிலும் பேப்பர் வெயிட் வைத்து, வருவாய்க் கிராமம் வருவாய்க் கிராமமாகச் சிவப்புப் பென்சிலால் 'டிக்' அடித்துக்கொண்டே போவோம். ஒரு குக்கிராமம் விட்டுப்போனாலும் தேர்தல் நாளன்று அங்குள்ளவர்களுக்கு வாக்குச்சாவடியே இருக்காது என்ற பயம் எல்லோருக்கும் உண்டு.

திருநகர் ஏன் விருதுநகருக்குப் போனது என்பதற்குக் கூட்டல் வகுத்தல் போதும். 2001 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டு மக்கள்தொகை 6,24,05,679. அதை 234 சட்டமன்றத் தொகுதிகளால் வகுத்தால் தொகுதிக்குச் சராசரி ஏறத்தாழ 2,66,700 பேர். மதுரை மாவட்டத்தின் மக்கள்தொகை 25,78,201, வகுத்தால் 9.67 வருகிறது, ஆகவே மாவட்டத்துக்குப் பத்துத் தொகுதிகள். ஒரு நாடாளுமன்றத் தொகுதிக்கு ஆறு சட்டமன்றத் தொகுதிகள். ஒரு சட்டமன்றத் தொகுதியை இரண்டு நாடாளுமன்றத் தொகுதிகளுக்கிடையே உடைக்கக் கூடாது என்பது விதி. பத்தில் ஆறு போனால் மீதி நான்கு. மேலூர், மதுரை கிழக்கு, வடக்கு, தெற்கு, மத்தி, மேற்கு ஆகிய ஆறும் மதுரை நாடாளுமன்றத் தொகுதி ஆயின. தேனி மாவட்டத்துக்கு ஆண்டிபட்டி, பெரியகுளம், போடி, கம்பம் என்று நான்கே தொகுதிகள், இரண்டு குறைந்தன. சோழவந்தானும் உசிலம்பட்டியும் அங்கே போயின. விருதுநகர் மாவட்டத்தில் ஏழு இருந்தும் இராஜபாளையமும் ஸ்ரீவில்லிபுத்தூரும் தென்காசிக்கும், திருச்சுழி இராமநாதபுரத்துக்கும் போய்விட, நான்குதான் மிஞ்சின. திருப்பரங்குன்றமும் திருமங்கலமும் அந்த இடைவெளியை நிரப்பின. நீங்கள் திருப்பரங்குன்றத்துக்காரர், ஆகவே விருதுநகர் வாக்காளர். தோப்பூர் எய்ம்ஸ் மருத்துவமனைக்கு மதுரை எய்ம்ஸ் என்று பெயர் இருந்தும் அதற்காக விருதுநகர் உறுப்பினரும் மக்களவையில் குரல் கொடுப்பது இதனால்தான்.

யார் வரைந்தது என்பது முக்கியம். 2002-ஆம் ஆண்டுச் சட்டப்படி அமைந்த ஆணையத்துக்கு உச்ச நீதிமன்ற ஓய்வுபெற்ற நீதிபதி குல்தீப் சிங் தலைவர். தேர்தல் ஆணையர் ஒருவரும் மாநிலத் தேர்தல் ஆணையரும் உறுப்பினர்கள். நாடாளுமன்ற உறுப்பினர் ஐவரும் சட்டமன்ற உறுப்பினர் ஐவரும் இணை உறுப்பினர்களாக அமர்ந்தார்கள். கருத்துச் சொல்லலாம், வாக்களிக்க முடியாது. தன் தொகுதியைத் தானே வரைந்துகொண்டு தானே நிற்கும் நிலை இங்கு இல்லை. இழப்பு எல்லோருக்கும் வந்தது. ஒரு முன்னாள் சபாநாயகரின் பெயரோடு ஒட்டிக்கொண்டிருந்த சேடபட்டித் தொகுதி மறைந்தது, சமயநல்லூர் மறைந்தது, சோழவந்தான் தனித்தொகுதி ஆயிற்று. சமயநல்லூர்ப் பக்கத்துப் பெரியவர் ஒருவர் அலுவலகத்துக்கு வந்து, "எங்க ஊர்ப் பேரையே எடுத்துட்டீங்களே தம்பி" என்று கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் போனது நினைவிருக்கிறது. அவருடைய ஊர் எங்கும் போய்விடவில்லை. ஆனாலும் அவர் கேட்டதில் நியாயம் இருந்தது.

ஒத்தக்கடை வழக்கறிஞர்

துணை வட்டாட்சியர் ஐயா தந்த கணக்கு துல்லியமானது; அதை மறுக்கவில்லை. ஆனால் "அங்கே அநியாயம், இங்கே நியாயம்" என்று படிப்பவர்கள் முடிவுகட்டிவிடக் கூடாது என்பதற்காக இரண்டு செய்திகளைச் சேர்க்கிறேன்.

முதலாவது, அவர்களுடைய கோடு கோணலானது; ஆனால் எடை சமமானது. 1964-இல் ஜார்ஜியா மாநிலத்து வழக்கில், ஒரு மாநிலத்துக்குள் எல்லாத் தொகுதிகளின் மக்கள்தொகையும் இயன்றவரை சமமாக இருக்க வேண்டும் என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2020 கணக்கெடுப்பில் வட கரோலினாவின் மக்கள்தொகை 1,04,39,388. பதினான்கால் வகுத்தால் 7,45,670 சொச்சம். ஏறக்குறைய தலைக்குத் தலை அந்த எண்ணிக்கையை எட்டும்படி வரைகிறார்கள். பல்கலைக்கழகத்தின் நடுவே கோடு போக முடிந்ததற்கு இந்தத் துல்லியமும் ஒரு வசதியாக அமைந்தது என்பதை மறக்கக் கூடாது. நம்மிடமோ ஊர் உடையாது, கிராமம் உடையாது. எடைதான் உடைந்து கிடக்கிறது. 2021 சட்டமன்றத் தேர்தலில் சோழிங்கநல்லூரில் வாக்காளர்கள் ஆறு லட்சத்துக்கும் மேல். சென்னைத் துறைமுகத்தில் இரண்டு லட்சத்துக்கும் குறைவு. இருவருக்கும் சட்டமன்றத்தில் ஒரே ஒரு நாற்காலி. 2001 கணக்கெடுப்போடு கோடுகள் உறைந்து நிற்பதன் விளைவு இது. 2008-க்கு முன் இருந்த கோடுகளோ 1970-களில் போட்டவை.

இரண்டாவது, வழக்குப் போடும் உரிமை. வட கரோலினாவில் ஒவ்வொரு வரைபடமும் நீதிமன்றத்துக்குப் போகிறது. நம் அரசமைப்புச் சட்டத்தின் 329-ஆம் பிரிவு, தொகுதி வரையறைச் சட்டங்களின் செல்லுபடியை நீதிமன்றத்தில் கேள்வி கேட்பதற்குத் தடை போடுகிறது. ஆணையத்தின் ஆணைக்கும் அந்தத் தடை பொருந்தும் என்று 1960-களிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அப்பட்டமான தன்னிச்சைப் போக்கு இருந்தால் தலையிடலாம் என்று 2024-இல் ஒரு சிறு சன்னலை அதே நீதிமன்றம் திறந்திருக்கிறது, அவ்வளவே. 2021-இல் தென்காசி நாடாளுமன்றத் தொகுதியின் தனித்தொகுதி நிலையை மாற்றக் கோரிய மனு நம் ஒத்தக்கடைப் பக்கத்து உயர் நீதிமன்றக் கிளைக்குத்தான் வந்தது. மனு தள்ளுபடியாயிற்று, ஆனால் அதே தீர்ப்பில் நீதிபதிகள் ஒரு கேள்வியை எழுப்பினார்கள்: 1962-இல் தமிழ்நாட்டுக்கு 41 மக்களவை இடங்கள் இருந்தன, 1967-இல் 39 ஆயின, மக்கள்தொகையைக் கட்டுப்படுத்திய மாநிலத்துக்கு இது தண்டனையா என்று. 2026-க்குப் பிந்தைய கணக்கெடுப்பு வரை இடங்களின் எண்ணிக்கை உறைந்திருக்க வேண்டும் என்பது 84-ஆவது திருத்தம்; அடுத்த கணக்கெடுப்புக்கு 2027 மார்ச் 1 என்று நாள் குறித்திருக்கிறார்கள். ஆகவே இந்தப் பேச்சு நமக்கு அயலூர்க் கதை அன்று.

ஆணையம் என்ற பெயர் ஒன்றே காப்பு என்றும் நம்ப வேண்டாம். கலிபோர்னியாவில் குடிமக்கள் ஆணையம் வரைந்த வரைபடத்தை, டெக்சாஸ் மாநிலம் இரு கணக்கெடுப்புகளுக்கு இடையிலேயே மீண்டும் வரைந்ததற்குப் பதிலடியாக, 2025 நவம்பரில் மக்கள் வாக்கெடுப்பின் மூலம் தற்காலிகமாக ஒதுக்கி வைத்தார்கள். அசாமில் 2023 மறுவரையறைக்குச் சற்று முன், நிர்வாக எல்லைகளை மாற்றக் கூடாது என்ற தடை தொடங்குவதற்கு முந்தைய நாளான 2022 டிசம்பர் 31 அன்று, நான்கு மாவட்டங்களை மாநில அரசு பக்கத்து மாவட்டங்களோடு இணைத்தது. ஐயா சொன்ன கணக்கில் மாவட்டம் என்பதே அடித்தளம். அடித்தளத்தை நகர்த்தினால் மேலே உள்ள கோடு தானாக நகரும்.

திருநகர் டீச்சர்

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. வகுப்பில் ஜெரிமாண்டரிங் என்ற சொல்லை எத்தனையோ முறை கரும்பலகையில் எழுதியிருக்கிறேன். 95, 41, 41, 41, 42 என்று போட்டுக் காட்டியதே இல்லை. ராலேத் தம்பியின் அந்தக் கணக்கை இன்று காலை என் பேரனுக்குப் புளியங்கொட்டைகளை வைத்துச் செய்து காட்டினேன். அவன் கோட்டை வேறு விதமாகப் போட்டு வெள்ளைக்கு நான்கு வார்டு வாங்கிக் கொடுத்துவிட்டான்.

எங்கள் மனு திரும்பி வந்ததில் இருந்த மனக்குறை ஓரளவு தணிந்தது. யாரும் திட்டமிட்டுத் தள்ளவில்லை, பத்தை ஆறால் வகுத்ததில் நாங்கள் மீதியாக நின்றோம் என்பது புரிகிறது. இருந்தாலும் மாநகராட்சிக்குள் இருக்கும் பகுதி மாநகரின் நாடாளுமன்றத் தொகுதியில் இருப்பதே முறை என்று இன்னமும் நினைக்கிறேன். அடுத்த முறை வரைவு வெளியாகும்போது அதை எடுத்துச் சொல்ல வழி இருக்கிறதா? யாரிடம், எந்த வடிவில் எழுத வேண்டும்?

ஓய்வுபெற்ற துணை வட்டாட்சியர்

வழி இருக்கிறது அம்மா. 2002 சட்டத்தைப் போலவே அடுத்த சட்டமும் அமைந்தால், ஆணையம் வரைவை மத்திய, மாநில அரசிதழ்களில் வெளியிட்டு ஒரு தேதி குறிக்கும். அந்தத் தேதிக்குள் வரும் ஆட்சேபங்களையும் ஆலோசனைகளையும் பரிசீலித்து, பொது அமர்வு நடத்திக் கேட்கும். நிலத்தோற்றம், ஏற்கெனவே உள்ள நிர்வாக எல்லைகள், போக்குவரத்து, மக்கள் வசதி ஆகியவற்றைக் கருத வேண்டும் என்று சட்டத்திலேயே இருக்கிறது; மாநகராட்சி எல்லை என்ற உங்கள் வாதம் அதில் நேராகப் பொருந்தும்.

ஆனால் "எங்களை மதுரையில் சேருங்கள்" என்று மட்டும் எழுதினால் கோப்பில் போய்ப் படுத்துவிடும். திருப்பரங்குன்றம் உள்ளே வந்தால் ஏழாகிறது. ஆறில் எது வெளியே போகும், அதனால் விருதுநகரில் குறையும் இடத்தை எது நிரப்பும் என்று மாற்றுக் கணக்கையும் சேர்த்தே தர வேண்டும். வார்டு வாரியான மக்கள்தொகையையும் வாக்குச்சாவடிப் பட்டியலையும் இணையுங்கள். 60 கையெழுத்தை விட அந்த ஒரு பக்கக் கணக்கைத்தான் மேசையில் இருப்பவர் முதலில் எடுத்துப் பார்ப்பார். கணக்கெடுப்பு எண்கள் வெளியானதும் இங்கேயே எழுதுங்கள். நானும் சிவப்புப் பென்சிலோடு வருகிறேன்.